கொலை வழக்கில் பிணை: முதலியாரிடம் கேட்டவை

யாழ்ப்பாணத்து நீதிமன்றங்களில் முதலியாராக நின்று வழக்கு எண் கூப்பிட்டே தொண்டை தேய்ந்தவன் நான். ஓய்வு பெற்றும் கேள்விகள் ஓயவில்லை. நான் சட்டத்தரணி அல்ல, உங்கள் வழக்குக்கு அவரிடம்தான் போக வேண்டும். சரி, கேளுங்கள்.

சாவகச்சேரியிலிருந்து ஒரு அக்கா: தம்பியைக் கொலைச் சந்தேகத்தில் பிடித்து மூன்று மாதம். நீதவான் ஒவ்வொரு தவணையும் விளக்கமறியலை நீட்டுகிறார். ஐயா, அவர் ஏன் பிணை தரமாட்டேன் என்கிறார்?

தரமாட்டேன் என்றில்லை பிள்ளை, அவரால் தர முடியாது. 1997ஆம் ஆண்டின் 30ஆம் இலக்கப் பிணைச் சட்டம், 13ஆம் பிரிவு: மரண தண்டனையோ ஆயுள் சிறையோ விதிக்கக்கூடிய குற்றமென்றால் மேல் நீதிமன்ற நீதிபதி மட்டும்தான் பிணை கொடுக்கலாம். தாய்மார் நீதவானைப் பார்த்துக் கும்பிட்டு அழுவதை எத்தனை தரம் பார்த்திருப்பேன், பாவம், சாவி அவர் கையில் இல்லை. சத்தியக்கடதாசியோடு மேல் நீதிமன்றத்தில் மனுப் போடுங்கள். சட்டமா அதிபருக்கு அறிவித்தல் போகும், அவர் தரப்பு பெரும்பாலும் ஆட்சேபிக்கும், பிறகுதான் கட்டளை.

கொக்குவில்: அந்த நீதிபதி எதைப் பார்த்து முடிவெடுப்பார்?

கொலை செய்தாரா இல்லையா என்று அங்கே தீர்ப்பதில்லை, அது விளக்கத்துக்கு, அதாவது முழு வழக்கு விசாரணைக்கு, உரிய வேலை. பிணையே விதி, மறுப்பது விதிவிலக்கு என்றுதான் சட்டம் தொடங்குகிறது. மறுப்பதென்றால் 14ஆம் பிரிவில் காரணம் இருக்க வேண்டும்: வழக்குக்கு வராமல் ஓடுவாரா, சாட்சிகளை வெருட்டுவாரா, வெளியே போய் இன்னொரு குற்றம் செய்வாரா, குற்றத்தின் பாரதூரத்தால் ஊர் கொந்தளிக்குமா. எங்கள் பக்கம் சாட்சி விசயம்தான் கனம் என்பது என் எண்ணம், ஏனென்றால் சாட்சியும் சந்தேகநபரும் ஒரே ஒழுங்கை, ஒரே கோயில் திருவிழா, சிலவேளை பங்குக் கிணறும் ஒன்றுதான்.

ஊர்க் கொந்தளிப்பு சும்மா எழுதிவைத்த வரியல்ல. 2015 மே மாதம் புங்குடுதீவு மாணவி கொலையை அடுத்து யாழ்ப்பாண நீதிமன்றக் கட்டடத்துக்கே கல் விழுந்தது. அந்த வழக்கை மூன்று நீதிபதிகள் கூடிய தீர்ப்பாயம் விசாரித்து 2017 செப்டம்பரில் ஏழு பேருக்கு மரண தண்டனை விதித்தது.

மானிப்பாய்: கைது செய்ய முதலே முன்பிணை எடுக்கலாமோ?

கொலைக்கு இல்லை.

பருத்தித்துறை: ஒரு வருடம் உள்ளே இருந்தால் தானாக விட்டுவிடுவார்கள் என்கிறார்களே?

அரைவாசி உண்மை. கைதான நாளிலிருந்து 12 மாதத்துக்கு மேல் தடுத்துவைக்கக் கூடாது என்று 16ஆம் பிரிவு சொல்கிறது. அடுத்த பிரிவிலேயே சட்டமா அதிபர் கேட்டு, தகுந்த காரணமும் காட்டினால் மேல் நீதிமன்றம் மும்மூன்று மாதமாக, மொத்தம் இன்னும் 12 மாதம் வரை நீட்டலாம் என்றும் இருக்கிறது. ஆனால் நாள் முடிந்தவுடன் சிறைக் கதவு தன்பாட்டில் திறக்காது, சட்டத்தரணி திகதியை எண்ணிப் போய் நிற்க வேண்டும். பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் பிடித்தவர்களுக்கு இந்தக் கணக்கு ஒன்றும் பொருந்தாது, அது வேறு பாதை.

நல்லூர்: பிணையாளாக வரச் சொல்கிறார்கள். பயமாயிருக்கிறது.

யோசித்துப் போங்கள். ஒருமுறை ஒரு பெரியவர் காணி உறுதியை உரப்பையில் சுற்றிக்கொண்டு வந்தார், கிராம சேவகர் கடிதமும் அடையாள அட்டையும் வேட்டி மடியில். கையொப்பம் வைக்கும்போது கை நடுங்கியது. பிணையில் போன ஆள் வழக்குக்கு வராமல் விட்டால் பிணைத் தொகைக்கு உங்களைத்தான் கூப்பிடுவார்கள். சரீரப் பிணையில், அதாவது ஆளே பொறுப்பு நின்று கையொப்பம் வைக்கும் பிணையில், அன்றைக்குக் காசு கட்டுவதில்லை, அதுதான் பலருக்குக் கனம் தெரிவதில்லை. பிணையில் எடுக்கப்போகும் ஆளின் கடவுச்சீட்டு நீதிமன்றத்தில் இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள்.

பெயர் வேண்டாம் என்ற ஒரு தங்கை: என் அண்ணாவைக் கொன்றதாகச் சொல்லப்படுபவர் பிணையில் வந்து எங்கள் படலையடியால் போய்வருகிறார். வழக்கு முடிந்ததா ஐயா?

இல்லை அம்மா. பிணை விடுதலை அல்ல, வழக்கு அப்படியே நிற்கிறது. சாட்சிகளை நெருங்கக் கூடாது என்ற நிபந்தனை பிணைக் கட்டளையில் இருக்கிறதா என்று உங்கள் சட்டத்தரணியைப் பார்க்கச் சொல்லுங்கள். மீறினாரென்றால் பிணையை நீக்கச் சொல்லிக் கேட்கலாம், சாட்சிகளைக் காக்க 2023ஆம் ஆண்டின் 10ஆம் இலக்கச் சட்டமும் உண்டு. "போய்வருகிறார்" என்று மட்டும் சொன்னால் எடுபடாது. இன்றைக்கே ஒரு கொப்பி வாங்குங்கள்: என்ன திகதி, எத்தனை மணி, என்ன சொன்னார், பக்கத்தில் யார் நின்றார்கள் என்று எழுதிப் பொலிசில் முறைப்பாடு செய்து, முறைப்பாட்டு இலக்கத்தையும் கேட்டு வாங்கிக்கொண்டு வாருங்கள்.