பெயரின் கடைசிச் சொல் யாருடையது?
வாசகர் கேள்வி – பதில்

கேள்வி: ஐஸ்லாந்து கால்பந்து அணியில் ஏறக்குறைய எல்லோர் பெயரும் 'சன்' என்றே முடிகிறதே, எல்லோரும் பங்காளிகளா? – திண்டுக்கல் வாசகர்

பதில்: பங்காளிகள் கிடையாது. 'சன்' என்றால் மகன். அதற்கு முன்னால் இருப்பது அப்பாவின் பெயர். நம் ஊரில் இனிஷியலாக முன்னால் நிற்பது அங்கே முழுதாகப் பின்னால் போய் நிற்கிறது. மலேசியத் தமிழரின் அடையாள அட்டையில் அப்பா பெயருக்கு முன்னால் இருக்கும் 'ஏ/எல்' (மகன்), 'ஏ/பி' (மகள்) செய்வதும் இதே வேலைதான்.

யோன் என்பவரின் மகன் யோன்ஸ்சன், மகள் யோன்ஸ்டோட்டிர். அப்பா பெயரை அப்படியே ஒட்டிவிட முடியாது, வேற்றுமை உருபு சேர வேண்டும். ஆர்னியின் மகன் ஆர்னாசன்தான். ஆர்னிசன் என்று எழுதினால் பிழை. கல்யாணம் ஆனாலும் மனைவி தன் அப்பாவின் பெயரோடுதான் இருப்பார். ஆக அப்பா, அம்மா, மகன், மகள் நால்வருக்கும் நான்கு கடைசிப் பெயர்கள். இவர்கள் வெளிநாட்டு விமான நிலையத்தில் போய் நின்றால், 'இது உங்கள் குழந்தைதானா?' என்ற கேள்வி வராமல் இருக்காது.

கடைசிப் பெயரைச் சொல்லி அங்கே யாரும் யாரையும் கூப்பிடுவதில்லை. 1980 முதல் 1996 வரை ஜனாதிபதியாக இருந்தவரும் மக்களுக்கு விக்டிஸ்தான், 'திருமதி ஃபின்போகடோட்டிர்' இல்லை. அச்சில் வந்த காலத்தில் தொலைபேசிப் புத்தகமும் முதல் பெயரின் அகரவரிசையில்தான் இருந்தது. ஒரே பெயரில் பலர் இருந்தால் குழம்பாமல் இருக்கத் தொழிலையும் போட்டார்கள். புதிதாகக் குடும்பப் பெயர் வைத்துக்கொள்வதை 1925-லேயே சட்டம் போட்டு நிறுத்தினார்கள். குழந்தைக்குப் பட்டியலில் இல்லாத பெயரை வைக்க நினைத்தால், 1991-இல் அமைத்த பெயர்க் குழுவிடம் போக வேண்டும். ஐஸ்லாந்து மொழியின் உருபுகளை அந்தப் பெயர் ஏற்குமா என்பதுதான் குழுவின் முதல் கேள்வி. இலக்கணத்துக்கு இவ்வளவு மரியாதை தரும் சட்டம் வேறு எங்கே இருக்கிறது!

கேள்வி: கொரியாவில் எல்லோரும் கிம்மா? – ஓசூர் வாசகி

பதில்: ஐந்தில் ஒருவர் கிம். ஆனால் கிம்ஹே ஊரைப் பூர்வீகமாகச் சொல்லும் கிம் வேறு, கியோங்ஜு கிம் வேறு. பெயரும் பூர்வீகமும் ஒன்றாக இருந்தால் கல்யாணம் கூடாது என்று நம் கோத்திரக் கட்டுப்பாடு மாதிரி சட்டமே இருந்தது. அரசியல் சாசன நீதிமன்றம் 1997-இல் அது செல்லாது என்றது. 2005-இல் சட்டம் திருத்தப்பட்டது.

கேள்வி: ஐ.நா. பொதுச் செயலாளராக இருந்த ஊ தாண்ட்டின் 'ஊ' எதன் இனிஷியல்? – காரைக்குடி வாசகர்

பதில்: எதற்கும் இல்லை. வயதில் மூத்த ஆணுக்குப் பர்மாவில் சேர்க்கும் மரியாதைச் சொல் அது. பெண்ணுக்கு 'டோ'. அவர் பெயர் வெறும் தாண்ட், ஒரே சொல். பர்மியருக்குக் குடும்பப் பெயர் என்ற வழக்கமே கிடையாது.

பிறந்த கிழமைக்கு ஏற்ற எழுத்தில் பெயர் வைப்பது அங்கே பழைய மரபு. திங்களுக்குக் க வரிசை, வியாழனுக்குப் ப வரிசை, ஞாயிற்றுக்கு உயிரெழுத்து என்று போகும். தாண்ட் பிறந்தது 1909 ஜனவரி 22, வெள்ளிக்கிழமை. அவர் பெயரின் முதலெழுத்தும் வெள்ளிக்கு உரியதுதான். ஆங் சான் சூ கி விஷயம் வேறு. 'ஆங் சான்' அப்பா பெயர், 'சூ' அப்பாவைப் பெற்ற பாட்டியின் பெயரிலிருந்து, 'கி' அம்மா பெயரிலிருந்து வந்தவை. செய்திகளில் 'கி கூறினார்' என்று வாலை மட்டும் வெட்டி எழுதுவது அபத்தம்.

கேள்வி: மார்க்வெஸ் புத்தகத்தை நூலகத்தில் எந்த எழுத்தில் தேடுவது? – சேலம் வாசகர்

பதில்: கொலம்பிய எழுத்தாளர் கேப்ரியல் கார்சியா மார்க்வெஸைத்தானே கேட்கிறீர்கள்? 'கா'வில், கார்சியா மார்க்வெஸ் என்று தேடுங்கள். ஸ்பானிய வழக்கில் முதலில் அப்பா வழிப் பெயர், அடுத்து அம்மா வழிப் பெயர். போர்ச்சுகலில் தலைகீழ், அம்மா வழிப் பெயர் முன்னால் வரும். கிறிஸ்டியானோ ரொனால்டோ டோஸ் சான்டோஸ் அவேய்ரோ என்பதில் சான்டோஸ் அம்மா வழி, அவேய்ரோ அப்பா வழி. உலகமே கூப்பிடும் ரொனால்டோ குடும்பப் பெயரே இல்லை.

கேள்வி: மகனுக்குப் பாஸ்போர்ட் எடுக்கப் போகிறோம். சர்நேம் கட்டத்தைக் காலியாக விடலாமா? – தஞ்சாவூர் வாசகி

பதில்: விடலாம், பாஸ்போர்ட் கிடைத்துவிடும். தொல்லை பிறகுதான் வரும். அமெரிக்க விசா விண்ணப்பத்தில், பாஸ்போர்ட்டில் உள்ள ஒரே பெயரைச் சர்நேமாகப் போட்டு, முதல் பெயர் தெரியவில்லை என்பதற்கு 'எஃப்.என்.யூ.' என்று நிரப்பச் சொல்கிறார்கள். அதுவே விசாவில் ஏறி, பிறகு ஓட்டுநர் உரிமம், வங்கிக் கணக்கு வரை தொடரும். ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பர் முதல் ஒற்றைப் பெயர் பாஸ்போர்ட்டோடு சுற்றுலா, விசிட் விசாவில் வருபவர்களை ஏற்பதில்லை. இரண்டாம் பக்கத்தில் அப்பா பெயரோ குடும்பப் பெயரோ இருந்தால் விலக்கு உண்டு.

அதனால் இனிஷியலை விரித்து, அப்பாவின் முழுப்பெயரைச் சர்நேமிலும் பையன் பெயரைக் கிவன் நேமிலும் எழுதுங்கள். இனிஷியலை அப்படியே போட்டால் ஏற்க மாட்டார்கள். பான் கார்டில் கவனம்: அங்கே கடைசிப் பெயர் கட்டாயம், ஒற்றைப் பெயரையும் அந்தக் கட்டத்தில்தான் எழுத வேண்டும். பாஸ்போர்ட்டில் கிவன் நேமில் இருக்கும் அதே பெயர் பானில் இடம் மாறி உட்காருவதால்தான் இரண்டும் பொருந்தாமல் போகின்றன.

வெளிநாட்டில் பள்ளியிலும் வங்கியிலும் பையனை அப்பா பெயர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். அதற்குத் தயாராக இருங்கள். உங்கள் சர்நேம் உங்கள் அப்பாவுடையதாக இருந்தால், கல்யாணச் சான்றிதழையும் குழந்தையின் பிறப்புச் சான்றிதழையும் பயணத்தில் கையோடு எடுத்துப் போங்கள். ஏற்கெனவே காலியாக விட்டவர்கள் மறுவெளியீட்டுக்கு விண்ணப்பித்துத்தான் பெயரைப் பிரிக்க முடியும். அதை விமான டிக்கெட் எடுப்பதற்கு முன்பே முடித்துவிடுங்கள்.