அக்காவின் கையெழுத்து எங்கே?

கேள்வி: மடிப்பாக்கத்தில் எட்டு வீடுகள் கொண்ட அடுக்குமாடியில் குடியிருக்கிறோம். மேல்வீட்டுக்காரர் யாரையும் கேட்காமல் மொட்டை மாடியில் செங்கல் இறக்கி அறை கட்டுகிறார். கேட்டால், "என் பத்திரத்தில் மாடி உரிமை எழுதியிருக்கிறது" என்கிறார். அம்மா வடகம் காயப்போட்ட இடம் போய்விட்டது. வீடு அப்பா சம்பாதித்து வாங்கியது. யுடிஎஸ் (மனையில் எங்கள் வீட்டுக்குரிய பிரிக்கப்படாத பங்கு) 420 சதுர அடி. அவர் போய் நான்கு வருடமாகியும் பத்திரம் அவர் பெயரிலேயே இருக்கிறது. உயில் இல்லை. அக்காவுக்கு 50 பவுன் போட்டுக் கட்டிக்கொடுத்துவிட்டதால் அதில் சிக்கலில்லை. மேல்வீட்டுக்காரரை எப்படித் தடுப்பது?

பதில்: மாடி விஷயத்தை முதலில் முடித்துவிடுகிறேன். மாடியை உபயோகிக்கும் உரிமை வேறு, அங்கே சுவர் எழுப்புவது வேறு. பத்திரத்தில் என்ன எழுதியிருந்தாலும் அறை கட்டத் திட்ட அனுமதி வேண்டும். அது அவரிடம் இருக்கிறதா என்று மாநகராட்சிக்கும் சிஎம்டிஏவுக்கும் (சென்னைப் பெருநகர் வளர்ச்சிக் குழுமம்) தகவல் உரிமைச் சட்டத்தில் மனுப் போட்டுக் கேளுங்கள். அங்கீகரித்த வரைபடத்தின் நகலையும் கேளுங்கள். பதிலுக்குக் காத்திருக்காமல் இன்றே படங்களோடு புகார் கொடுங்கள். அனுமதியில்லாத வேலையை நிறுத்தச் சொல்ல 1971-ஆம் ஆண்டு நகர் ஊரமைப்புச் சட்டத்தின் 57-ஆவது பிரிவும், கட்டியதை அகற்றச் சொல்ல 56-ஆவது பிரிவும் இருக்கின்றன. கூரை போடுவதற்குள் செய்யுங்கள்.

இப்போது உங்கள் கடிதத்தின் கடைசி வரிகளுக்கு வருகிறேன். "அதில் சிக்கலில்லை" என்று எழுதியிருக்கிறீர்களே, தம்பி, அக்காவிடம் கேட்டீர்களா?

உயில் எழுதாமல் போன அப்பாவின் சொத்தில் மனைவிக்கும் மகனுக்கும் மகளுக்கும் சமபங்கு என்பது 1956-இலிருந்தே இந்து வாரிசுரிமைச் சட்டத்தில் இருக்கிறது. (அப்பா காலமானபோது பாட்டி இருந்திருந்தால் அவருக்கும் ஒரு பங்கு.) 420 சதுர அடியில் அம்மாவுக்கு 140, அக்காவுக்கு 140, உங்களுக்கு 140. அக்காவுக்குப் போட்ட நகை அப்பா உயிரோடு இருந்தபோது தன் மகளுக்குச் செய்தது. அதைக் காட்டி அவர் பங்கைக் கழிக்க நீங்கள் யார்? எத்தனையோ வீடுகளில் இதே பேச்சைக் கேட்டிருக்கிறேன், ஒவ்வொரு முறையும் எனக்குக் கோபம்தான் வருகிறது. மேல்வீட்டுக்காரர் உங்களைக் கேட்காமல் பொது இடத்தில் சுவர் வைத்தார். நீங்கள் அக்காவைக் கேட்காமல் நான்கு வருடமாக அதையேதான் செய்துகொண்டிருக்கிறீர்கள். அவர் வாய் திறக்காததைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டீர்கள். தம்பியோடு உறவு முறிந்துவிடக் கூடாதே என்றுகூட அவர் பேசாமல் இருக்கலாம்.

இது கையெழுத்து வரைக்கும் வந்து நிற்கும். 2024 மார்ச்சில் நடைமுறைக்கு வந்த புதிய அடுக்குமாடி உரிமைச் சட்டப்படி, மூன்றில் இரண்டு பங்கு உரிமையாளர்கள் சம்மதித்தால் பழைய கட்டடத்தை இடித்துக் கட்டலாம். அந்தப் பேச்சு உங்கள் கட்டடத்திலும் வரும். அன்று உங்கள் வீட்டின் உரிமையாளர் யார் என்று கேட்டால், காலமான அப்பாவின் பெயரைச் சொல்வீர்களா? புது பில்டர் முதல் வேலையாக வாரிசுச் சான்றிதழ் கேட்பார். அதில் அக்கா பெயர் இருக்கும். நான்கு வருடம் எட்டிப்பார்க்காத தம்பி அன்று பேனாவோடு போய் நின்றால் அவர் என்ன நினைப்பார்?

வாரிசுச் சான்றிதழுக்கு இந்த வாரமே இ-சேவை மையத்தில் விண்ணப்பியுங்கள். அதற்கு முன் அக்கா வீட்டுக்கு நேரில் போங்கள். போனில் பேசி முடிக்கிற விஷயம் இல்லை இது. பங்கை விட்டுக்கொடுப்பதாக எழுதி வாங்கும் விடுதலைப் பத்திரத்தைக் கையில் கொண்டுபோகாதீர்கள். "அப்பா வீட்டில் உனக்கு மூன்றில் ஒரு பங்கு இருக்கிறது, இத்தனை நாள் சொல்லாதது என் தப்பு" என்று சொல்லிவிட்டு, அவர் பேசுவதைக் கேளுங்கள். பங்கு வேண்டும் என்றால் கொடுங்கள். வேண்டாம் என்றால் அதை அவராகச் சொல்லட்டும், நீங்கள் வாயிலிருந்து பிடுங்க வேண்டாம்.

மாடிப் புகாரை உங்கள் பெயரில் மட்டும் இன்றே கொடுத்துவிடலாம், அதற்குத் தடையில்லை. குடியிருப்போர் சங்கத்துக்குக் கொடுக்கும் ஆட்சேபக் கடிதத்தில் மட்டும் மூன்று பேரும் கையெழுத்துப் போடுங்கள். முதல் கையெழுத்து அம்மாவுடையதாக இருக்கட்டும்.