மகள் ஆவணப்படம் எடுக்க ஆசைப்படுகிறாள்: சுங்கை சிப்புட் அம்மாவுக்குப் பதில்

அம்மா, எஸ்.பி.எம். (மலேசியாவின் ஐந்தாம் படிவத் தேர்வு) முடித்ததும் ஆவணப்படம் படிக்க வேண்டும், மலையோரத் தெமியார் பூர்வக்குடிக் கிராமங்களைப் படமெடுக்க வேண்டும் என்கிறாள் உங்கள் மகள். இதில் சோறு கிடைக்குமா என்று கேட்கிறீர்கள். நியாயமான கேள்வி. படிக்க விடுங்கள். ஆனால் கடன் வாங்கிக் கேமரா வாங்கிக் கொடுக்காதீர்கள்.

சொந்தப் படம் காசு தர வருடக்கணக்கில் ஆகும். பலருக்குத் தராமலே போகும். கையில் காசு வருவது எடிட்டிங்கிலும் ஒலிப்பதிவிலும்தான். கல்யாண வீடியோ, டிவி நிகழ்ச்சி என்று வேலை பார்த்துக்கொண்டே படம் எடுப்பவர்கள்தான் அதிகம். அதனால் எடிட்டிங், ஒலிப்பதிவு இரண்டில் ஒன்றையாவது அவள் நன்றாகக் கற்றாக வேண்டும்.

கோலாலம்பூரில் உள்ள அரசு கலைக் கல்லூரியான அஸ்வாராவில் எஸ்.பி.எம். முடித்தவர்களுக்குத் திரைப்பட டிப்ளோமா உண்டு. எஸ்.டி.பி.எம். (ஆறாம் படிவத் தேர்வு) படித்தால் பினாங்கு யு.எஸ்.எம். பல்கலைக்கழகத்தின் தகவல் தொடர்புத் துறைக்கு முயலலாம். தனியார் கல்லூரி என்றால் கட்டணத்தையும் பி.டி.பி.டி.என். என்ற அரசு கல்விக் கடனையும் கூட்டிப் பார்த்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

அதற்கு முன் ஒரு சோதனை. தோட்டத்து லயத்தில் ஒரு பாட்டியிடம், பால் மரம் (ரப்பர்) வெட்டிய காலத்தைப் பேசச் சொல்லிக் கைப்பேசியில் பதிவு செய்யட்டும். மின்விசிறி சத்தம் குரலை விழுங்கிவிடும். நிறுத்தினால் பாட்டிக்கு வியர்க்கும். நல்ல இடத்தில் பேரன் மோட்டார் சைக்கிளை முறுக்குவான். இதையெல்லாம் பொறுத்துக்கொண்டு அடுத்த வாரமும் போய் உட்காருகிறாளா, எடுத்ததைப் பாட்டிக்கே முதலில் போட்டுக் காட்டுகிறாளா என்று பாருங்கள். கல்லூரியில் சேர்க்கும் முன் எனக்குத் தெரிய வேண்டியது அதுதான்.

தெமியார் கிராமம் அப்புறம். தீபகற்ப மலேசியாவின் 18 பூர்வக்குடி இனங்களில் ஒன்று தெமியார். பூர்வக்குடி மேம்பாட்டுத் துறையான ஜாக்கோவாவிடம் அனுமதி கேட்க வேண்டும். அந்தக் காகிதம் மட்டும் போதாது, கிராமத் தலைவரும் வீட்டுக்காரர்களும் சம்மதிக்க வேண்டும். 1922இல் வெளிவந்த 'நானூக் ஆஃப் தி நார்த்' ஆவணப்படத்தில், துப்பாக்கி வைத்திருந்த வட கனடாவின் இனுயிட் மக்களைப் பழைய ஈட்டியால் வேட்டையாட வைத்தார் இயக்குநர் ராபர்ட் ஃபிளாஹர்ட்டி. நம் தோட்டத்தை வெறும் கள்ளுக்கடையாகக் காட்டினால் நமக்கு வலிக்காதா? அதே வலி அவர்களுக்கும் உண்டு என்று மகளிடம் சொல்லுங்கள்.

நல்ல கதை கையில் இருந்தால் உதவிக்கும் வழி இருக்கிறது. 2003இல் தொடங்கிய ஃப்ரீடம் ஃபிலிம் ஃபெஸ்ட் என்ற மனித உரிமைத் திரைப்பட விழா, புதியவர்களின் ஆவணப்படத் திட்டங்களுக்கு நிதி கொடுத்து வந்திருக்கிறது. படப்பிடிப்பு அனுமதி விவரங்களைத் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகமான ஃபினாஸிடம் கேட்டுக்கொள்ளலாம்.

பெண் பிள்ளையைக் காட்டுப் பக்கம் அனுப்புவதா என்ற பயம் உங்கள் எழுத்தில் தெரிகிறது. இந்த வேலைக்குப் பெரும்பாலும் குழுவாகத்தான் போவார்கள். மழை பெய்தால் செம்மண் பாதையில் நான்கு சக்கர வண்டியே சிக்கிக்கொள்ளும், அதனால் நாள் தள்ளிப் போகலாம். யாருடன் போகிறாள், எந்த வீட்டில் தங்குகிறாள், என்றைக்குத் திரும்புகிறாள் என்று கேட்டு எழுதி வைத்துக்கொண்டு அனுப்புங்கள்.