'பாரி கி தோர்' படத்தில் நேரம் எப்படி நிற்கிறது?

பிரெஞ்சு இயக்குநர் ரெனே கிளேர் 1923-இல் எடுத்த முதல் படம் இது, மௌனப் படம், அதிகம் பேர் பார்த்திருக்க மாட்டார்கள். ஒரு விஞ்ஞானியின் கதிரால் பாரிஸ் அப்படியே உறைந்துபோகிறது; ஈபிள் கோபுர உச்சியில் தூங்கிய காவலாளிக்கும், விமானத்தில் வந்தவர்களுக்கும் ஒன்றும் ஆகவில்லை, ஏனென்றால் கதிர் அந்த உயரத்துக்கு எட்டவில்லை.

சினிமாவில் நேரம் என்பது அடுத்தடுத்து ஓடும் நிழற்படங்கள்தான். நோட்டு ஓரத்தில் படம் வரைந்து கட்டைவிரலால் புரட்டுவோமே, அதேதான்: விரலை நிறுத்தினால் ஆள் நிற்பான், வேகமாகப் புரட்டினால் ஓடுவான். கிளேர் அந்த விரலையே கதையாக்கிவிட்டார், கெட்டிக்காரர்! சில இடங்களில் படத்தை நிறுத்தாமல், நடிகர்களே அசையாமல் நின்றதும் உண்டு.

அப்புறம், மௌனப் பட ஆட்கள் எப்போதுமே விறுவிறுவென நடப்பார்கள் என்பது தப்பு. குறைந்த வேகத்தில் எடுத்ததைப் பிற்காலத்தில் வினாடிக்கு 24 பிரேமில் (அதாவது 24 நிழற்படங்கள்) ஓட்டியதால் வந்த வினை அது.