பையோடு வாசலில் நிற்கும் அம்மா

கேள்வி: என் அம்மாவுக்கு அல்சைமர். மூன்று ஆண்டுகளாக நான்தான் பார்த்துக்கொள்கிறேன். மாலையானால் பையை எடுத்துக்கொண்டு, “வீட்டுக்குப் போக வேண்டும்” என்று வாசலில் நிற்கிறார். “இதுதான் உன் வீடு” என்று சொல்லிச் சொல்லி நேற்று கத்திவிட்டேன். இரவெல்லாம் தூக்கமில்லை. தம்பி மாதம் ஒருமுறை வந்து, “ஏதாவது வேண்டுமா அக்கா?” என்பான். ஒன்றும் வேண்டாம் என்று அனுப்பிவிடுவேன். எனக்குத் திருமணமாகவில்லை. நாளை எனக்கும் இது வந்தால் யார் பார்ப்பார்கள்?
– பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: சகோதரி, என் மாமியாரை ஆறு ஆண்டுகள் பார்த்துக்கொண்டவள் நான். அவரும் ஐந்து மணிக்குப் பையோடு வாசலுக்கு வந்துவிடுவார். நானும் கத்தியிருக்கிறேன். ஒரு நாள் பையை வாங்கித் திறந்து பார்த்தேன். ஒரு சீப்பு, மூக்குக்கண்ணாடியின் வெறும் கூடு, என் கணவர் சிறு வயதில் எழுதிய கணக்கு நோட்டு. பள்ளி விட்டுப் பிள்ளை வந்துவிடுவானே, கதவு பூட்டியிருக்குமே என்ற தவிப்பு அது.

புது நினைவுகளைப் பதிக்கும் ஹிப்போகாம்பஸ் என்ற மூளைப் பகுதியைத்தான் இந்த நோய் பெரும்பாலும் முதலில் தாக்குகிறது. நேற்றைய பேச்சு தங்காது. ஐம்பது வருடத்துக்கு முந்தைய வீடு தங்கியிருக்கும். “இதுதான் உன் வீடு” என்றால், வழியை மறிக்கிறார்கள் என்றுதான் அவருக்குப் படும். நான் பேச்சை மாற்றினேன். “வீட்டில் யார் இருக்கிறார்கள்?” என்பேன். “பையன் வந்திருப்பான்.” “வந்ததும் என்ன செய்வான்?” பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்து சொல்லத் தொடங்கிவிடுவார். எல்லா நாளும் இது பலிக்கவில்லை. ஆனால் பலித்த நாட்களில் இருவருமே அழவில்லை. அலைச்சல் திடீரென்று கூடினால் மட்டும் மருத்துவரிடம் சொல்லுங்கள். சிறுநீர்த் தொற்றோ உடல்வலியோ காரணமாக இருக்கலாம்.

கத்தியதற்காக உங்களை நீங்களே வதைத்துக்கொள்ளாதீர்கள். பராமரிப்பவர்களின் சுமையை அறிய மருத்துவர்கள் பயன்படுத்தும் ஸாரிட் கேள்வித்தாளில் 22 கேள்விகள் உண்டு. நீங்கள் பார்த்துக்கொள்ளும் உறவினர் அருகில் இருக்கும்போது கோபம் வருகிறதா என்பது அதில் ஒன்று. வரும் என்று தெரிந்துதான் கேட்கிறார்கள்.

அம்மாவுக்கு வந்தால் மகளுக்கும் வந்தே தீரும் என்பதில்லை. வாய்ப்பு ஓரளவு கூடும், அவ்வளவுதான். ஒரே மரபணுவால் நேராக இறங்கும் வகை மிக அரிது; அது பெரும்பாலும் 65 வயதுக்கு முன்பே தென்படும். 2024இல் லான்செட் மருத்துவ இதழின் ஆணையம், மறதிநோய் வரும் வாய்ப்பைக் கூட்டுபவற்றில் நம்மால் மாற்றக்கூடிய 14 காரணங்களைப் பட்டியலிட்டது. உயர் ரத்த அழுத்தமும் காது கேளாமையும் அதில் இருக்கின்றன. யாரோடும் பழகாமல் ஒதுங்கி வாழ்வதும் இருக்கிறது. உங்கள் கடிதத்தில் எனக்குக் கவலை தந்தது இதுதான்: அம்மாவையும் தம்பியையும் தவிர ஒருவர்கூட அதில் வரவில்லை.

தம்பி அடுத்த முறை கேட்கும்போது, “ஞாயிறு முழுவதும் நீ அம்மாவோடு இரு” என்று சொல்லுங்கள். அன்று வீட்டில் இருக்காதீர்கள். பேச்சு விட்டுப்போன தோழி ஒருத்தியாவது இருப்பாள். அவளைப் போய்ப் பாருங்கள். அம்மா பையை எடுத்தால் என்ன கேட்க வேண்டும் என்பதை மட்டும் தம்பியிடம் சொல்லிவிட்டுக் கிளம்புங்கள்.