கூட வந்ததால் கிடைத்த பெயர்

கேள்வி: பல் மருத்துவமனைகளுக்காக நோயாளிக் கையேடுகளைத் தமிழில் மொழிபெயர்த்துக் கொடுக்கிறேன். ஈறு நோய் பற்றிய கையேட்டில் ‘அக்ரிகேட்டிபாக்டர் ஆக்டினோமைசீட்டெம்கோமிட்டன்ஸ்’ என்று ஒரு பாக்டீரியா வருகிறது. பழைய பதிப்பில் இதே இடத்தில் ‘ஆக்டினோபேசில்லஸ்’ என்று தொடங்கும் பெயர் இருந்தது. இரண்டும் ஒன்றுதானா? இந்தப் பெயருக்கு ஏதாவது பொருள் உண்டா, தமிழாக்கலாமா? ‘ஆக்டினோ’ என்றால் கதிர் என்கிறது அகராதி. படிப்பவர்கள் கதிர்வீச்சு என்று நினைத்துப் பயந்துவிடக் கூடாதே என்றும் யோசனையாக இருக்கிறது.

பதில்: இரண்டும் ஒரே கிருமிதான். கதிர்வீச்சுக்கும் இதற்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. பெயரைத் தமிழாக்க வேண்டாம், ஒலிபெயர்த்தால் போதும். நாளைக்கே கையேட்டை முடித்துக் கொடுக்க வேண்டும் என்றால் இதோடு நிறுத்திக்கொள்ளலாம். நேரம் இருந்தால் மேலே படியுங்கள். பாக்டீரியாப் பெயர்களில் இவ்வளவு விநோதமானது அதிகம் கிடையாது.

இதன் பின்பாதியை ரோமன் எழுத்தில் எழுதினால் 21 எழுத்துகள். தடுக்காமல் சொல்பவர்களைப் பார்த்தால் எனக்கு இன்றைக்கும் கொஞ்சம் பொறாமைதான். ஆய்வகத்தில் யாரும் முழுப் பெயரைச் சொல்லிக்கொண்டிருப்பதில்லை. ‘ஏஏ’ என்போம். “அந்த சாம்பிளில் ஏஏ வளர்ந்ததா?” என்று கேட்டால் எல்லோருக்கும் புரியும். முழுதாகச் சொல்லித்தான் ஆக வேண்டும் என்றால் மூன்றாக வெட்டிக்கொள்ளுங்கள்: ஆக்டினோ, மைசீட்டெம், கோமிட்டன்ஸ். கடைசித் துண்டைக் ‘காமிட்டன்ஸ்’ என்பவர்களும் உண்டு. அதற்காகச் சண்டை போட வேண்டியதில்லை.

வெட்டும்போதே பொருளும் வெளியே வந்துவிடும். கிரேக்கத்தில் ‘ஆக்டிஸ்’ என்றால் கதிர், ‘மைக்கீஸ்’ என்றால் பூஞ்சை அல்லது காளான். சேர்த்தால் கதிர்ப்பூஞ்சை. ‘கோமிட்டன்ஸ்’ லத்தீன் சொல், உடன் செல்கிற என்று பொருள். ஆக மொத்தம், ‘கதிர்ப்பூஞ்சையைத் தொடர்ந்து செல்வது’. கவனியுங்கள், கதிர் என்ற சொல் இந்தக் கிருமியைக் குறிக்கவே இல்லை. இது யாரோடு சுற்றிக்கொண்டிருந்ததோ அந்த ஆளைக் குறிக்கிறது.

அந்த ஆளின் பெயர் ஆக்டினோமைசிஸ். 1877இல் மாட்டின் தாடை வீக்கத்திலிருந்து எடுத்ததை நுண்ணோக்கியில் பார்த்த ஹார்ட்ஸ் என்ற ஜெர்மானியத் தாவரவியலாளர், இழைகள் நடுவிலிருந்து கதிர் கதிராகப் பிரிந்து நிற்பதைக் கண்டு கதிர்ப்பூஞ்சை என்று பெயர் வைத்தார். அது பூஞ்சையே இல்லை, பாக்டீரியாதான் என்பது பின்னால் தெளிவானது. பெயர் மட்டும் அப்படியே தங்கிவிட்டது. அந்தக் கிருமிகள் மனிதருக்கும் தாடையில், கழுத்தில் சீழ்க்கட்டிகளை உண்டாக்கும். 1912இல் அப்படிப்பட்ட மனிதக் கட்டிகளை ஆராய்ந்த க்ளிங்கர், கதிர்ப்பூஞ்சையோடு சேர்ந்து வளர்ந்த ஒரு குட்டிக் கிருமியைத் தனியாகப் பிரித்தெடுத்தார்.  அது கதிர்ப்பூஞ்சையின் கூடவே வந்தது. அதையே பெயராக வைத்துவிட்டார்: பாக்டீரியம் ஆக்டினோமைசீட்டெம் கோமிட்டன்ஸ்.

அப்போது அது மூன்று தனிச் சொல். நீங்கள் மொழிபெயர்ப்பாளர் என்பதால் இந்த இடத்தில் கொஞ்சம் நிற்கலாம். ‘மைசீட்டெம்’ என்பதில் கடைசியாக வரும் ‘எம்’ லத்தீனின் இரண்டாம் வேற்றுமை உருபு, நம் ‘ஐ’ மாதிரி. ‘நூல் படித்தான்’ என்றால் உருபு மறைந்த தொகை, ‘நூலைப் படித்தான்’ என்றால் விரி என்று பள்ளியில் படித்திருப்போம். அறிவியல் பெயர்களில் இரண்டு சொல்லை ஒட்டும்போது பொதுவாகத் தொகையாகத்தான் ஒட்டுவார்கள். இதே பேரினத்தில், அதாவது பெயரின் முன்பாதி குறிக்கும் குடும்பத்தில், ‘அஃப்ரோஃபிலஸ்’ என்று ஒன்று இருக்கிறது. ‘அஃப்ரோஸ்’ என்றால் நுரை, ‘ஃபிலஸ்’ என்றால் விரும்பி. நுரைவிரும்பி. கரியமில வாயு நிறைய இருந்தால் நன்றாக வளரும் என்பதற்காக அந்தப் பெயர். அங்கே உருபு மறைந்துவிட்டது, நறுக்கென்று இருக்கிறது. க்ளிங்கர் வைத்தது பெயர் போலவே இல்லை. வாக்கியத்தில் பாதியைக் கிள்ளி எடுத்து வைத்த மாதிரி இருக்கிறது. ‘கதிர்ப்பூஞ்சையை’ என்று உருபோடு, விரியாகவே.

பிறகு வந்த பெயரிடல் விதிகளின்படி பின்பாதியான இனப்பெயர் பல சொற்களாகப் பிரிந்து நிற்கக் கூடாது. இரண்டு சொல்லையும் சேர்த்து ஒட்டினார்கள், உருபு நடுவில் மாட்டிக்கொண்டது. இந்தப் பெயர் வாயில் நுழைய மறுப்பதற்கு நீளத்தைவிட அந்த ‘எம்’தான் காரணம் என்பேன். ‘எம்’மும் ‘கோ’வும் இடிக்கும் இடத்தில்தான் எல்லோருக்கும் நாக்கு தடுக்குகிறது.

இதில் ஒரு வேடிக்கையும் உண்டு. இந்தக் கிருமியைத் தட்டில் வளர்த்து இரண்டு மூன்று நாள் கழித்து எடுத்துப் பார்த்தால், மில்லிமீட்டர் அளவில் கண்ணாடி போல மங்கலான புள்ளிகள் தெரியும். லென்ஸ் வைத்துப் பார்த்தால் ஒவ்வொரு புள்ளிக்குள்ளும் ஒரு நட்சத்திரம், நாலைந்து முனையோடு, குச்சிகளைக் குறுக்கே போட்டது போல. நோயாளியிடமிருந்து புதிதாக எடுத்த கிருமி என்றால் தட்டிலுள்ள வளர்ப்பு ஊடகத்தை அப்படிக் கவ்விப் பிடித்திருக்கும். முதல் தடவை லூப்பால், அதாவது கம்பி வளையத்தால், எடுக்கப் போய், புள்ளி வராமல் ஊடகம்தான் பிய்ந்து வந்தது எனக்கு. ‘கதிர்’ என்ற பெயர் இந்த நட்சத்திரத்தால் வந்தது என்று நானே ரொம்ப நாள் நம்பிக்கொண்டிருந்தேன். இல்லை. அது கூட்டாளியின் கதிர். இதன் சொந்த நட்சத்திரத்துக்குப் பெயரில் இடமே கிடைக்கவில்லை.

சரி, உங்கள் முதல் சந்தேகத்துக்கு வருவோம். இரண்டு சொல் பெயரில் முன்னால் வருவது பேரினம், பின்னால் வருவது இனப்பெயர். ஒரு கிருமியின் உறவுமுறை பற்றிய கருத்து மாறினால் அது வேறு பேரினத்துக்குப் போகும், இனப்பெயர் கூடவே போகும். 1929இல் ஆக்டினோபேசில்லஸ் பேரினத்தில் சேர்த்தார்கள். 1985இல் ஹீமோஃபிலஸுக்கு மாற்ற வேண்டும் என்றார்கள். கொஞ்ச காலம் இரண்டு பெயரும் புழங்கின. கடைசியில் 2006இல் நோர்ஸ்கோவ்-லாவ்ரிட்சனும் கிலியனும், மரபணு வரிசைகளின்படி இது அந்த இரண்டு வீட்டுக்கும் சேராது என்று காட்டி அக்ரிகேட்டிபாக்டர் என்ற புதுப் பேரினத்தை உருவாக்கினார்கள். ஒன்றோடொன்று கூடிச் சேரும் கோல் வடிவக் கிருமி என்று பொருள். கூடிச் சேர்வது இதன் குணமும்கூட, ஆகவே முன்பாதிப் பெயர் நியாயமானது.

பேரினம் மாறினால் இனப்பெயரின் ஈறும் பால் பார்த்து மாற வேண்டும் என்று லத்தீனில் ஒரு தொல்லை உண்டு. இதற்கு அதுவும் இல்லை. ‘கோமிட்டன்ஸ்’ ஆண்பால், பெண்பால், ஒன்றன்பால் எல்லாவற்றுக்கும் ஒரே வடிவம். அதனால் நூறு ஆண்டுக்கு மேலாக, இத்தனை வீடு மாறியும், ஓர் எழுத்துகூட மாறவில்லை.

“பொருள் பொருத்தமில்லை என்றால் மாற்றித் தொலைக்க வேண்டியதுதானே?” என்று மாணவர்கள் கேட்பார்கள். கேட்பதும் நியாயம்தான். வாயில் ஈறுக்கடியில் இது கதிர்ப்பூஞ்சையின் துணை இல்லாமலே பிழைத்துக்கொள்கிறது, அந்தக் கூட்டாளியோ பூஞ்சையே இல்லை. ஆனால் பொருத்தமில்லை என்பதற்காக மட்டும் முறையாக வைத்த பெயரை மாற்றக் கூடாது என்று விதியிலேயே இருக்கிறது. அந்த விதி சரி என்றே நினைக்கிறேன். பொருள் சரிசெய்கிறோம் என்று கிளம்பினால் பத்து வருடத்துக்கு ஒருமுறை பெயர் மாறும், பழைய ரிப்போர்ட்டுகளைப் படிக்க ஆள் இருக்காது.

அதனால்தான் தமிழாக்க வேண்டாம் என்றேன். ‘கதிர்ப்பூஞ்சைத் தொடரி’ என்று அழகாக ஆக்கிவிடலாம், எனக்கும் ஆசைதான். ஆனால் படிப்பவர் என்ன நினைப்பார்? தனக்குப் பூஞ்சைத் தொற்று என்று நினைப்பார், பூஞ்சைக்கு மருந்து கேட்பார். பெயர் 1912இல் அது எங்கே கிடைத்தது என்பதைச் சொல்கிறதே தவிர, இன்றைக்கு என்ன செய்கிறது என்பதைச் சொல்லவில்லை. கையேட்டுக்கு வேண்டியது இரண்டாவதுதான்.

அப்படி என்ன செய்கிறது? வெள்ளை அணுக்களைக் கொல்லும் நச்சு ஒன்றைச் சுரக்கிறது. அந்த நச்சை மிக அதிகமாகச் சுரக்கும் ஒரு வகைக்கு ஜேபி2 என்று பெயர். நச்சுக்கான மரபணுவை அடக்கி வைக்கும் பகுதியில் 530 டிஎன்ஏ எழுத்துகள் விடுபட்டுப் போனதால் அதற்கு அந்தக் கொழுப்பு. சிறு வயதிலேயே முதல் கடைவாய்ப்பற்களையும் வெட்டுப்பற்களையும் சுற்றி எலும்பு வேகமாகக் கரையும் ஈறு நோயோடு இந்தக் கிருமியின் பெயர் நெடுங்காலமாகச் சேர்ந்தே வருகிறது. உங்கள் பழைய கையேட்டில் அந்த நோய்க்கும் வேறு பெயர் இருந்திருக்கும், பார்த்து மாற்றிவிடுங்கள். ‘தீவிர வகை ஈறு நோய்’ என்ற தனிப் பிரிவை 2018இல் வெளியான புதிய வகைப்பாடு நீக்கிவிட்டது. இப்போது நிலை, தரம் என்று பிரித்து, கடைவாய்ப்பல்-வெட்டுப்பல் பாங்கு என்று குறிப்பிடுகிறார்கள்.

ரிப்போர்ட்டில் ‘ஏஏ பாசிட்டிவ்’ என்று வந்தாலே நோய் என்று எழுதிவிடாதீர்கள். ஈறு நன்றாக இருப்பவர்கள் வாயிலும் இது இருப்பதுண்டு. ஈறுக்கும் பல்லுக்கும் இடையிலான பள்ளம் எவ்வளவு ஆழம், எலும்பு எவ்வளவு கரைந்திருக்கிறது என்பதை வைத்துத்தான் பல் டாக்டர் முடிவு செய்வார். பல்லின் வேர்வரை சுத்தம் செய்வதுதான் அடிப்படைச் சிகிச்சை. ஆன்டிபயாடிக் சேர்ப்பதா என்பது அவர் பார்த்துச் சொல்ல வேண்டியது. ஒரு எச்சரிக்கை மட்டும் கையேட்டில் இருக்கட்டும். இது அபூர்வமாக ரத்தத்தில் கலந்து இதய வால்வைத் தாக்கும். செயற்கை வால்வு பொருத்தியவர்கள் பல் சிகிச்சைக்கு முன் அதை டாக்டரிடம் சொல்லிவிட வேண்டும். இதயத் தொற்று தரும் ஐந்து வாய்க்கிருமிக் குழுக்களை ‘ஹாசெக்’ என்று முதலெழுத்துகளால் சுருக்குவார்கள். அதில் இரண்டாவது எழுத்தான ‘ஏ’ முன்பு ஆக்டினோபேசில்லஸைக் குறித்தது, இப்போது அக்ரிகேட்டிபாக்டரைக் குறிக்கிறது. பெயர் மாற்றியவர்கள் அந்தச் சுருக்கத்தை உடைக்காமல் விட்டது பெரிய உதவி.

ரோமன் எழுத்தில் இரண்டும் ‘ஏ’ என்ற ஒரே எழுத்தில் தொடங்குவதால் சுருக்கமும் ஒன்றே. தமிழில் எழுதினால் ஒன்று ‘அ’, மற்றது ‘ஆ’. ‘அ. ஆக்டினோ’, ‘ஆ. ஆக்டினோ’ என்றெல்லாம் சுருக்கினால் இரண்டு கிருமி என்ற குழப்பம் திரும்ப வந்துவிடும். ஆங்கில எழுத்தின் பெயரைக் கொண்டு ‘ஏ.’ என்றே சுருக்குங்கள். ஆனால் அதே பக்கத்தில் ஆக்டினோமைசிஸும் வந்தால் சுருக்கவே வேண்டாம், அதற்கும் முதலெழுத்து ‘ஏ’தான். இன்னொன்று, ‘அக்ரி’ என்பதில் வரும் ககரம் ‘ரகம்’ என்பதில் வரும் ‘க’ அல்ல, அழுத்தமான ‘க்’கும் அல்ல. ‘அங்கம்’ என்பதில் வரும் ‘க’ மாதிரி மெலிந்த ஒலி. தமிழ் எழுத்து அதைக் காட்டாது. ஆகவே முதல் முறை வரும் இடத்தில் ரோமன் எழுத்திலும் ஒருமுறை கொடுத்துவிடுங்கள், சாய்வெழுத்தில், முன்பாதிக்கு மட்டும் பெரிய முதலெழுத்து வைத்து. தமிழ் எழுத்தைச் சாய்க்க வேண்டாம், பார்க்கவும் நன்றாக இருக்காது.

நான் எழுதுவதாக இருந்தால் இப்படி எழுதுவேன்: “ஈறு நோயோடு தொடர்புடைய பாக்டீரியாக்களில் ஒன்று அக்ரிகேட்டிபாக்டர் ஆக்டினோமைசீட்டெம்கோமிட்டன்ஸ். சுருக்கமாக ஏஏ. பழைய ரிப்போர்ட்டுகளில் ஆக்டினோபேசில்லஸ் என்று தொடங்கும் பெயரும் இதையே குறிக்கும்.” அதற்குப் பிறகு கடைசிவரை ஏஏ என்றே போய்விடலாம்.

அப்புறம், அச்சுக்குப் போகும்போது ஒன்றைக் கவனியுங்கள். கையேட்டின் குறுகிய பத்தியில் இந்தப் பெயர் ஒரே வரியில் அடங்காது. கம்ப்யூட்டரை அதன் போக்கில் விட்டால் ‘மைசீட்’ என்று ஒரு வரியும் ‘டெம்கோ’ என்று அடுத்த வரியும் வரும். ‘ஆக்டினோ’வுக்குப் பிறகோ ‘மைசீட்டெம்’முக்குப் பிறகோ நீங்களே உடைத்துக் கொடுத்துவிடுங்கள்.