தேர்வுப் பட்டியல் வந்து மூன்று ஆண்டு ஆகிவிட்டது: இடஒதுக்கீட்டுப் பிழைக்கு இனி வழக்குப் போட முடியுமா?

கேள்வி: நான் மிகவும் பிற்படுத்தப்பட்ட வகுப்பைச் சேர்ந்த பெண். தமிழ்நாட்டில் இரண்டாம் நிலைக் காவலர் தேர்வு எழுதி, என் பிரிவு கட் ஆஃபில் தவறிவிட்டேன். பொதுப் பிரிவுப் பெண்கள் இடத்தில் கடைசியாகத் தேர்வானவரைவிட எனக்கு மதிப்பெண் அதிகம் என்பது சமீபத்தில்தான் தெரிந்தது. இறுதிப் பட்டியல் வந்து மூன்று ஆண்டு ஆகிறது. இரண்டு மனு அனுப்பியும் பதில் இல்லை. வழக்கு நிற்குமா?

பதில்: உங்கள் கோரிக்கையில் சட்டப்படி பலம் இருக்கிறது. குறுக்கே நிற்பது காலதாமதம்தான்.

முதலில் பலம். பொதுப் பிரிவு என்பது எந்தச் சாதிக்கும் ஒதுக்கிய இடமல்ல. மதிப்பெண் உள்ள எல்லாருக்கும் திறந்த இடம். அதற்குள் பெண்களுக்கு வைத்த பங்குக்கும் இதே விதிதான். உத்தரப் பிரதேசக் காவலர் தேர்வு வழக்கான சௌரவ் யாதவ் தீர்ப்பில் (18.12.2020) உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது. பொதுப் பிரிவில் கடைசிப் பெண் எடுத்தது 274.8298. அதைவிட அதிகம் எடுத்த இதர பிற்படுத்தப்பட்ட வகுப்புப் பெண்களுக்கு வேலை தரச் சொன்னது. ஏற்கெனவே பணியில் சேர்ந்தவர்கள் மீது கைவைக்கவில்லை. இந்தக் கடைசிப் பகுதி உங்களுக்கு மிக முக்கியம்.

ஆனால் ஒன்றைச் சரிபாருங்கள். வயது வரம்பிலோ வேறு தகுதியிலோ உங்கள் பிரிவுக்கான சலுகையைப் பயன்படுத்தினீர்களா? ஆம் என்றால், பொதுப் பிரிவுக்கு மாற முடியாது என்று தேர்வை நடத்திய வாரியம் வாதிடும். உத்தரப் பிரதேசக் காவல் உதவி ஆய்வாளர் தேர்வு குறித்த ஜிதேந்திர குமார் சிங் வழக்கில் (2010) அந்த மாநிலச் சட்டத்தின்படி வயது, கட்டணச் சலுகைகள் தடையாகவில்லை. தீபா வழக்கில் (2017) மத்திய அரசின் விதி தடுத்ததால் மாற முடியவில்லை. ஆக, உங்கள் அறிவிக்கையும் அதற்குரிய விதியும் என்ன சொல்கின்றன என்பதே கேள்வி.

இனி தாமதம். அரசமைப்புச் சட்டப் பிரிவு 226-ன் கீழ் உயர் நீதிமன்றத்தில் அரசுக்கு எதிராகப் போடும் ரிட் மனுவுக்குக் காலக்கெடு எழுதப்படவில்லை. ஆனாலும் சதாசிவசாமி வழக்கில் (1974), தன்னைத் தாண்டி இளையவருக்குப் பதவி உயர்வு தந்தால் ஆறு மாதத்துக்குள், மிஞ்சினால் ஓராண்டுக்குள் நீதிமன்றம் வர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. தமிழ்நாட்டு வழக்கு என்பதால் அரசு வழக்கறிஞர்கள் இதை முதலில் எடுத்து வைப்பார்கள். பட்டியலில் வந்தவர்கள் பயிற்சி முடித்துப் பணிமூப்பும் பெற்றிருப்பார்கள். அவர்களைக் கலைக்க எந்த நீதிபதியும் தயங்குவார்.

நீங்கள் அனுப்பிய மனுக்கள் இந்தத் தாமதத்தைக் கழுவிவிடாது. ‘என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள்’ என்று மட்டும் கேட்டு வழக்குப் போடச் சிலர் சொல்வார்கள், செய்யாதீர்கள். நீதிமன்ற உத்தரவின்பேரில் மனுவை நிராகரித்து வரும் கடிதம், செத்துப்போன கோரிக்கைக்குப் புது உயிர் தராது என்று ஜேக்கப் வழக்கில் (2008) தீர்ப்பாகிவிட்டது. உங்களைப் போன்ற வேறொருவர் ஜெயித்த பிறகு அதே பலன் கேட்டுப் போனாலும், வேலிமேல் உட்கார்ந்து பார்த்திருந்தவர் என்று அரவிந்த் குமார் ஸ்ரீவஸ்தவா தீர்ப்பைக் (2014) காட்டித் தள்ள முடியும்.

உங்களுக்கு மிச்சமிருக்கும் வழி, உண்மை எப்போது தெரிந்தது என்பதை ஆவணத்தால் நிறுவுவது. பிரிவுவாரியான கட் ஆஃப் அன்றே இணையதளத்தில் வந்திருந்தால் தாமதத்தை அன்றிலிருந்தே எண்ணுவார்கள். வரவில்லை என்றால், தகவல் அறியும் உரிமைச் சட்டப் பதில் வந்த நாளைப் பற்றிக்கொள்ளலாம். அந்தப் பதில் கையில் இல்லையென்றால் இன்றே 10 ரூபாய் கட்டணத்தோடு விண்ணப்பியுங்கள். பிரிவுவாரியாக ஆண், பெண் கடைசி மதிப்பெண், இனச்சுழற்சிப் பட்டியல் (எந்த வரிசையில் எந்தப் பிரிவுக்கு இடம் என்று காட்டுவது), நிரப்பாமல் விட்ட இடங்கள் ஆகியவற்றைக் கேளுங்கள். மற்றவர்களின் சொந்த விவரம் கேட்டால் மறுத்துவிடுவார்கள். 30 நாளில் பதில் வராவிட்டால் அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. ஆனால் கையில் போதிய ஆதாரம் இருந்தால் இதற்காகக் காத்திருக்காமல் வழக்கைத் தாக்கல் செய்யுங்கள்.

ரிட் மனுவில் என்ன கேட்கிறீர்கள் என்பதில்தான் பல வழக்குகள் கெடுகின்றன. பட்டியலை ரத்து செய்யக் கேட்காதீர்கள். நிரப்பாத இடத்திலோ அடுத்து வரும் காலியிடத்திலோ உங்களுக்கு ஒரு பணியிடம் மட்டும் கேளுங்கள். பழைய சம்பளத்தையும், முன் தேதியிட்ட பணிமூப்பையும் விட்டுக்கொடுப்பதாகப் பிரமாணப் பத்திரத்திலேயே எழுதுங்கள். அப்போது மூன்றாவது ஆளுக்குப் பாதிப்பு என்ற வாதம் வலுவிழக்கும். இருந்தாலும் உங்களைவிடக் குறைந்த மதிப்பெண்ணில் தேர்வான சிலரையாவது எதிர்மனுதாரராகச் சேருங்கள். பாதிக்கப்படக் கூடியவர்களில் ஒருவரையும் சேர்க்காத மனுவை உயர் நீதிமன்றம் விசாரிக்கவே கூடாது என்று பிரபோத் வர்மா வழக்கில் (1984) சொல்லப்பட்டிருக்கிறது.

தேர்வில் கலந்துகொண்டுவிட்டு இப்போது குறை சொல்லலாமா என்றும் கேட்பார்கள். தேர்வு முறையே சட்டத்தை மீறியிருந்தால் கலந்துகொண்டது தடையல்ல என்பதற்கு மீத்தா சஹாய் தீர்ப்பை (2019) காட்டலாம்.

தமிழ்நாட்டில் மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் இப்போது இல்லாததால் நேரே உயர் நீதிமன்றம்தான்: உங்கள் மாவட்டத்தைப் பொறுத்துச் சென்னை அல்லது மதுரை அமர்வு. வழக்கறிஞரிடம் போகும்போது அறிவிக்கை, அழைப்புக் கடிதம், மதிப்பெண் விவரம், சாதிச் சான்று, அனுப்பிய மனுக்களின் அஞ்சல் ரசீது இவற்றைத் தேதி வரிசையில் எடுத்துச் செல்லுங்கள். எந்த இரண்டு தேதிகளுக்கு நடுவில் மாதக்கணக்கில் இடைவெளி விழுகிறதோ, அதற்கான காரணத்தைப் பிரமாணப் பத்திரத்தில் தனிப் பத்தியாக எழுதச் சொல்லுங்கள்.